கேட்காத சங்கு

புளியந்தீவு வாவிக்கரை நாதகால வித்தியாலயத்தில், சங்கூதிக் காலத்தைப் பின்னுக்குத் திருப்புவதுதான் கடைசிப் பரீட்சை. இன்றுவரை ஒருவரும் பாஸாகவில்லை.

"ஊது புள்ள," என்றபடி அதிபர் உதயரூபன் உளுந்து வடையைக் கையில் எடுத்தார்.

"ஊதிட்டன் சேர்," என்றாள் யசோதினி.

"எனக்கொண்டும் கேக்கல்லையே! பொய்யா சொல்றாய்? பெயில்!"

அவரைப் பார்க்க யசோதினிக்குப் பாவமாக இருந்தது.

"அந்த வடையக் கடிக்காதீங்க சேர். உள்ளுக்க முழுக் கொச்சிக்காய் கிடக்கு."

அதிபர் ஏளனமாகச் சிரித்துவிட்டுக் கடித்தார். மிளகாய்க் காரத்தில் கண்ணிலும் மூக்கிலும் தண்ணீர் கொட்டியது.

"ஐயோ, ஊது புள்ள! காலத்தத் திருப்பு! பாஸ் தாறன்!"

யசோதினி சங்கைப் பைக்குள் வைத்தாள்.

"போன முறையும் இதே வடையக் கடிச்சு இப்படித்தான் அழுதீங்க. பாவமெண்டு ஊதினன். கடிச்ச வடை முழுசாத் திரும்பி வந்திட்டு, நீங்க தாறனெண்ட பாஸ் அதோட போயிற்று. இந்த முறை தண்ணியக் குடிச்சிற்றுப் பாஸப் போடுங்க சேர்."