புத்தகத்துக்குத் தண்டனை

முரசு அதிர்ந்தது. படிக்கட்டில் மேய்ந்துகொண்டிருந்த புறாக்கள் மொத்தமாக எழும்பின.

அவள் கூட்டத்தை விலக்கிக்கொண்டு முன்னால் வந்தாள்.

பாரிஸ் நீதிமன்றத்தின் பெரிய படிக்கட்டு. அதன் அடியில் விறகு எரிந்துகொண்டிருந்தது. பக்கத்தில் தூக்குக்காரன், தோல் கையுறையோடு. நேற்று ஒரு திருடனைத் தொங்கவிட்ட அதே ஆள். இன்று அவனுக்குப் புத்தகம்.

எழுதியவன் அகப்படவில்லை. அதனால் எழுத்துக்குத் தண்டனை.

"எழுதினவன் ஹாலந்துல உக்காந்து வெண்ணெய் தின்னுக்கிட்டிருப்பான். இங்க காகிதத்தைப் பிடிச்சு எரிக்கிறாங்க. ரொம்பப் பெரிய வீரம்தான் அம்மணி!" என்றாள் அருகில் நின்ற மீன்காரி.

சுற்றிலும் சிரிப்பு. அவள் சிரிக்கவில்லை. புத்தகத்தை வழியனுப்ப வந்தவள் அவள்.

அந்தப் புத்தகத்தைத் திருட்டுத்தனமாகப் படித்திருந்தாள். கணவன் ஆன்செல்ம் நீதிமன்ற எழுத்தர். நீதிபதிகளுக்குச் சுருக்கம் எழுதுவதற்காக, பறிமுதலான ஒரே பிரதியை வீட்டுக்குக் கொண்டுவந்திருந்தான். காலையில் அவன் கிளம்பியதும் ரொட்டி மாவைப் பாதியில் விட்டுவிட்டுப் பக்கம் புரட்டுவாள்.

பெரியவர்கள் சொன்னார்கள் என்று நம்பாதே. கண்ணால் பார், பிறகு நம்பு என்றது புத்தகம். அவ்வளவுதான் அதன் குற்றம்.

அவள் பதினொரு வசந்தங்களாக அதைத்தான் செய்துகொண்டிருந்தாள்.

சமையலறை ஜாடிகளில் கம்பளிப்புழு வளர்த்தாள். எது எந்த இலையைத் தின்னும், எத்தனை நாள் கூட்டுக்குள் கிடக்கும், எப்படிப்பட்ட இறக்கையோடு வெளியே வரும்? எல்லாவற்றையும் எழுதினாள். ஒவ்வொன்றையும் வரைந்தாள். அழுகலிலிருந்து புழு தானாகப் பிறக்கிறது என்று சாதித்த படிப்பாளிகள் அந்த ஊரில் நிறையப் பேர். இல்லை, முட்டையிலிருந்துதான் என்று அவளுடைய இருநூறு தாள்கள் சொல்லின.

ஆன்செல்ம் நல்லவன். ஒரு நாளும் கை ஓங்கியதில்லை. ஒருமுறை அவனிடம் ஒரு படத்தைக் காட்டினாள்.

"அழகா இருக்கே! தலையணை உறையில பூப்போட்டுடேன்," என்றான்.

அதற்குப் பிறகு அவள் எதையும் காட்டவில்லை.

தாள்களை நீல நாடாவால் கட்டி, பரணில், எலி கடித்த பழைய காகிதங்களுக்கு நடுவே செருகி வைத்தாள். யாரும் கை வைக்காத இடம்.

லியோன் நகரத்துப் பதிப்பாளர் ஒருவர், அனுப்புங்கள், அச்சுப் போடலாம் என்று எழுதியிருந்தார். அந்தக் கடிதம் இப்போதும் அவள் கச்சைக்குள் இருந்தது. வியாழக்கிழமை வண்டியில் கட்டு போக வேண்டும்.

நகல் கிடையாது.

மேல்படியில் நின்று ஆன்செல்ம் தீர்ப்பை வாசித்து முடித்தான். சாக்குத்துணியில் சுற்றி அரக்கு முத்திரை வைத்த பொதியைத் தூக்குக்காரனிடம் கொடுத்தான். நீதிபதிகள் தொலைவில் நின்று, புகைக்கு மூக்கைப் பொத்திக்கொண்டார்கள்.

தூக்குக்காரன் முத்திரையை உடைத்தான். கொத்தாகக் கிழித்தான். போட்டான். அவனுக்குப் படிக்கத் தெரியாது.

புகையோடு ஒரு தாள் மேலே ஏறியது. சுழன்றது. ஓரம் கருகிக்கொண்டே வந்து அவள் காலடியில் விழுந்தது.

"பாருங்கடி, பாவத்துக்கு இறக்கை முளைச்சிருக்கு!" மீன்காரி மரச்செருப்பால் மிதித்து நெருப்பை அணைத்தாள்.

இறக்கைதான்.

பட்டாம்பூச்சியின் இடது இறக்கை. வால்நட் தோலைக் காய்ச்சி அவளே செய்த பழுப்பு மை. கீழே அவளுடைய கையெழுத்து.

'பதினான்காம் நாள். விடியற்காலை. வெளியே வந்தது.'

அவள் சேவகர்களைத் திரும்பிப் பார்த்தாள்.

வீட்டில் சோதனை போட்டுவிட்டார்கள். அகப்பட்டுவிட்டேன். முதல் தாளில் என் பெயர் இருக்கிறது. அடுத்து என்னைத்தான் கூப்பிடுவார்கள்.

யாரும் கூப்பிடவில்லை.

சேவகர்கள் கொட்டாவி விட்டுக்கொண்டிருந்தார்கள். ஒருவன் கண்கூட அவள் பக்கம் திரும்பவில்லை.

தூக்குக்காரன் கையில் இன்னும் பாதிக் கட்டு இருந்தது. நீல நாடா அவன் மணிக்கட்டில் தொங்கி ஆடியது.

நாலே எட்டு. ஓடிப்போய்ப் பிடுங்கிவிடலாம். இது அந்தப் புத்தகமே இல்லை, என்னுடையது என்று ஊர் கேட்கக் கத்திவிடலாம். அதற்குமேல் என்ன ஆனாலும் ஆகட்டும்.

காலை எடுத்து வைத்தாள். வாயைத் திறந்தாள்.

யாரோ அவள் கையைப் பற்றினார்கள்.

ஆன்செல்ம். வேலை முடிந்து இறங்கி வந்திருந்தான். அவள் கன்னத்தில் வழிந்த கண்ணீரைப் பார்த்தான். அவன் விரல்கள் சில்லிட்டிருந்தன. முகத்தில் மட்டும், கல்யாணமான புதிதில் பார்த்த அந்தக் குறும்பு.

மூச்சு படும் தூரத்தில் குனிந்தான்.

"அழாதே மத்துரின். நான் இல்லாதப்ப மாவுக் கையோட நீ படிச்சியே, அந்தப் புத்தகம் நம்ம மெத்தைக்கு அடியில பத்திரமா இருக்கு. வெளிய தெரிஞ்சா என் கழுத்துக்குக் கயிறுதான், இருந்தாலும் உனக்காகச் செஞ்சேன். அங்க எரியறது வெறும் பரண் குப்பை."