தங்கக்கூடாதென்று ஒரு விதி

"ஜில், ஒண்ணு கேக்கலாமா?"

லெங்கா இப்படி ஆரம்பித்தால் லீவு கேட்கப் போகிறாள் என்று அர்த்தம். ஆனால் இனி அவளுக்கு என்னிடம் லீவு தேவையில்லை. வருகிற சனிக்கிழமையோடு அவளுடைய வருடம் முடிகிறது.

அவள் எங்கள் வீட்டு ஓ-பேர். செக் நாட்டுப் பெண், இருபது வயது. ஒரு வருட விசாவில் அமெரிக்கா வந்து, எங்களோடு தங்கி, என் எட்டு வயது மகள் ஹேசலைப் பார்த்துக்கொண்டாள்.

"வருஷம் முடிஞ்சதும் முப்பது நாள் நாட்டைச் சுத்திப் பாக்கலாம்ல? பஸ்ஸுல மேற்குப் பக்கம் போய்க் கடலைப் பாத்துட்டு வரேன். எங்க நாட்டுல கடலே கிடையாது. அதுவரைக்கும் என் பெரிய பெட்டி பேஸ்மென்ட்ல இருக்கட்டுமா? திரும்பி வந்து ரெண்டு நாள் இங்க தங்கிட்டு, ஊருக்கு ஃப்ளைட் ஏறிடுவேன்."

கேட்டது அவ்வளவுதான். ஒரு பெட்டி, இரண்டு நாள்.

"அடடா, முடியாதே" என்றேன், முகத்தை வருத்தமாக வைத்துக்கொண்டு. "வருஷம் முடிஞ்சப்புறம் வேலை பாத்த வீட்ல தங்கக்கூடாது, சாமானும் வைக்கக்கூடாதுன்னு விதி இருக்கு. என் கையில ஒண்ணும் இல்ல."

அப்படி ஒரு விதி கிடையாது. அவள் இப்படிக் கேட்பாள் என்று தெரிந்து, முந்தின நாளே அவளை எங்களிடம் அனுப்பிய ஏஜென்சியின் பெண்மணியிடம் கேட்டு வைத்திருந்தேன். "அந்த ஒரு மாசம் அவகிட்ட வேலை வாங்கக்கூடாது, அவ்வளவுதான். விருந்தாளியாத் தாராளமாத் தங்கலாம். உங்க இஷ்டம்" என்றார்.

எனக்கு இஷ்டமில்லை. காரணத்தையும் சொல்லிவிடுகிறேன். சைக்கிளிலிருந்து விழுந்தால் ஹேசல், "லெங்கா" என்றுதான் அழுவாள். பல் ஆடினால் அவளிடம்தான் முதலில் காட்டுவாள். நான் ஆபீஸிலிருந்து வந்து கதவைத் திறக்கும்போது இருவரும் எதற்கோ விழுந்து விழுந்து சிரித்துக்கொண்டிருப்பார்கள். என்னவென்று கேட்டால், "ஒண்ணுமில்லம்மா."

போகிறவள் ஒரேயடியாகப் போகட்டும், திரும்பி வேறு வர வேண்டுமா என்று இருந்தது எனக்கு.

லெங்கா என்னையே கொஞ்ச நேரம் பார்த்தாள். "சரி ஜில். விதின்னா விதிதானே" என்று எழுந்து போனாள்.

என் கணவர் டெரெக்தான் விடவில்லை.

"அப்படி ஒரு விதியா? எங்க போட்டிருக்கு?"

"எங்கயோ போட்டிருக்கு. நீ வேணா அவளுக்கு வக்கீலாப் போயேன்."



சனிக்கிழமை காலை நான்தான் பஸ் நிலையத்துக்குக் காரில் கொண்டுபோய் விட்டேன். ஹேசலும் வந்தாள். பஸ் நிலையம் வந்தும் சீட்டை விட்டு அசையவில்லை.

லெங்கா கார்க் கதவைத் திறந்து குனிந்தாள். "ஹேசல், ஒரு தடவை கட்டிக்க மாட்டியா?"

ஹேசல் முகத்தை அந்தப் பக்கம் திருப்பிக்கொண்டாள்.

"குட்டி, இது தப்பு. ஒரு டாட்டாவாவது சொல்லு" என்றேன். ஒப்புக்குத்தான் சொன்னேன். உள்ளே குளுகுளுவென்று இருந்தது.

முதுகில் ஒரு பை, கையில் அந்தப் பெரிய பெட்டி. நடைமேடை விளிம்பில் பெட்டியின் சக்கரம் சிக்கிக்கொண்டது. லெங்கா இரண்டு கையாலும் இழுத்து ஏற்றினாள். நான் காரை விட்டு இறங்கக்கூட இல்லை. பஸ் ஏறும் முன் திரும்பிக் கையசைத்தாள், ஹேசல் பார்க்கவில்லை.

திரும்பி வரும் வழியில் பெரிய மனுஷி தோரணையில் ஆரம்பித்தேன்.

"என்ன இருந்தாலும் ஒரு வருஷம் உன்னப் பாத்துக்கிட்டவ. அப்படி முகத்தைத் திருப்பலாமா?"

"அவளுக்கு நம்மளப் பிடிக்கல."

"யார் சொன்னா?"

"எனக்குத் தெரியும். என் கிளாஸ் ஐவி வீட்ல இருக்கிற கமீலாவும் ஓ-பேர்தானே? அவ ஒரு மாசம் ஊர் சுத்திட்டு மறுபடி ஐவி வீட்டுக்குத்தான் வராளாம். அப்படி வரலாமாம். லெங்காவோட விதிப் புத்தகத்துலயும் அதான் போட்டிருக்கு. கோடு போட்டு வச்சிருக்கா, நான் படிச்சேன்."

நான் சாலையையே பார்த்து ஓட்டினேன்.

"அதனால அவகிட்டயே கேட்டேன்" என்றாள் ஹேசல்.

"என்ன கேட்ட?"

"எங்கம்மா வேணாம்னு சொல்லிட்டாங்களான்னு."

"அதுக்கு என்ன சொன்னா?"

"'சேச்சே, உங்கம்மா இருக்கச் சொல்லி எவ்வளவோ கெஞ்சினாங்க. நான்தான் மாட்டேன்னுட்டேன். நீ என்மேல கோவப்பட்டாலும் பரவால்ல'ன்னு சொன்னா."

காரை ஓரம் கட்டினேன். நான் சொன்னது பொய்யென்று தெரிந்தேதான் அவள் "சரி ஜில்" என்றிருக்கிறாள். தெரிந்தேதான் அந்தப் பெட்டியை இழுத்துக்கொண்டு போயிருக்கிறாள். அவமானத்தில் கண்ணில் தண்ணீர் முட்டியது.

பின் சீட்டிலிருந்து ஒரு சின்னக் கை என் தோளைத் தொட்டது.

"அழாதம்மா. நீ அவ்வளவு கெஞ்சியும் போனாள்ல, போகட்டும் விடு. எனக்கு நீ மட்டும் போதும்."

ஒரு வருடமாக நான் ஏங்கிக் கிடந்த வார்த்தை. திரும்பி அவள் முகத்தைப் பார்க்க எனக்குக் கூசியது.