அக்கரையான் வேடம்

திரை ஏற இன்னும் அரை மணி நேரம் இருந்தது. ஒத்திகையைப் பார்த்த இயக்குநர் ஒப்பனை அறைக்குள் வந்து, பொய்த் தொப்பையும் கிழிந்த குடையுமாக நின்ற நடிகனிடம் கத்தினார்.

"நீ என்ன செய்தியா வாசிக்கிறே? ஆத்துக்கு அந்தப் பக்கத்து நாட்டுக்காரன் இப்படியா பேசுவான்? அக்கரையான்னா இழுத்து இழுத்து மூக்கால பேசணும்யா. அப்பத்தான் ஜனம் சிரிக்கும். அவனுங்கள்ல ஒருத்தனையாவது நேர்ல பார்த்திருக்கியா?"

"இல்லண்ணே."

"அதானே பார்த்தேன். மணியடிக்கிறதுக்குள்ள பேச்சு வரலைன்னா வேஷத்தைக் கழட்டிட்டுக் கிளம்பு."

இந்த வேடமும் போனால் அவனுக்கு வேறு பிழைப்பில்லை. கண்ணாடி முன்னால் நின்று இழுத்துப் பேசிப் பார்த்தான். நாக்கு வளைந்து கொடுக்கவில்லை. கழிப்பறைக்குள் போய்த் தாழிட்டுக்கொண்டு, பல வருடங்களாகக் கூப்பிடாத ஓர் எண்ணைக் கூப்பிட்டான்.

"அம்மா, நான்தான். ஏதாவது பேசிக்கிட்டே இரும்மா. இங்க யாருக்கும் தெரியக்கூடாதுன்னு நம்ம பேச்சையே விட்டுட்டேன். இப்ப வரமாட்டேங்குது."

அவன் தேடிய அதே இழுவையில், மூக்கால், ஆற்றின் மறுகரையிலிருந்து பதில் வந்தது.

"எம்புள்ள பேச்சு எனக்குத் தெரியாதா? அக்கரையான் மாதிரி பேசுறியே, யாருய்யா நீ?"