மடியில் இருந்த புத்தகம்

எழுத்தாளர் வேலப்பனுக்குத் தன் மகள் குழந்தையம்மாளைக் கொடுப்பதாகப் பேசி முடித்திருந்த சுப்பண்ணன், பத்திரிகையும் கையுமாகப் பெருந்துறையிலிருந்து கோயமுத்தூரில் மாப்பிள்ளை வீட்டில் வந்து இறங்கினார். பத்திரிகையில் வேலப்பனின் படம் வந்திருந்தது. கோட்டு, கண்ணாடி, மடியில் மூலை உடைந்த தடித்த புத்தகம். படத்தைப் பார்த்த நாளிலிருந்து ஊரே, "பெரிய படிப்பாளிக்குப் பொண்ணு குடுக்கறீங்க" என்று அவரைக் கண்ட இடத்தில் எல்லாம் கும்பிட்டது.

சுப்பண்ணன் மட்டும் நம்பவில்லை.

"ஏனுங் தம்பி, இந்தக் கோட்டு எங்கீங்க?"

"உள்ள இருக்குதுங்க."

"கொண்டாங்க, பாக்கலாம்."

வேலப்பன் அசையவில்லை.

"இருந்தாத்தான கொண்டாருவீங்க? கோட்டு ஸ்டுடியோக்காரனுது. கண்ணாடி வெறுங்கூடு, சில்லே கெடையாது. மடியில இருக்கற பொஸ்தகம் வர்ணமடிச்ச மரக்கட்டை. இத வெச்சு ஊரையே ஏமாத்திப்போட்டீங்க. பொய்க்காரனுக்கு எம் பொண்ணக் குடுக்க மாட்டனுங்க."

வேலப்பன் தலையைக் குனிந்துகொண்டான். பிறகு நிமிர்ந்தான்.

"கட்டைன்னு உங்களுக்கு எப்படீங்க தெரியும்?"



வேலப்பன் எழுந்து போய், போன மாதம் அவர் அனுப்பியிருந்த பெண்ணின் படத்தை எடுத்து வந்து பத்திரிகைக்குப் பக்கத்தில் வைத்தான். குழந்தையம்மாளின் மடியிலும் அதே மூலை உடைந்த தடித்த புத்தகம்.

"இதப் பாதி படிச்சு முடிச்சுட்டாங்கன்னு கடுதாசியில எழுதியிருந்தீங்களேங்க."

சுப்பண்ணன் பத்திரிகையை மடித்துக் கக்கத்தில் வைத்துக்கொண்டார்.

"முகூர்த்தத்த வைகாசியிலயே வெச்சுக்கலாமுங்க, மாப்பிள்ள."