மூன்று எண்ணும் நேரம்

நாகசுந்தரம் இருபத்தாறு படங்களுக்கு காமெடி எழுதினார், அப்புறம் ஒன்பது வருஷம் டிவி தொடர்களுக்கு. ஒவ்வொரு வசனத்தையும் எழுதிவிட்டு, ஜனங்கள் சிரித்து முடிக்க மனசுக்குள் மூன்று எண்ணுவார். அந்த இடம் விடாவிட்டால் அடுத்த வசனம் சிரிப்பில் அமுங்கிப்போகும். தியேட்டரில் ஜனங்களே சிரித்தார்கள். டிவியில் ரெக்கார்டு பண்ணின சிரிப்பைப் போட்டுக்கொண்டார்கள். எழுதி எழுதி அந்தப் பழக்கம் பேச்சிலும் ஒட்டிக்கொண்டது.

"சோறு இறங்க மாட்டேங்குது டாக்டர்," என்றார். நிறுத்தினார். "ஆறு கிலோ குறைஞ்சிட்டேன்." மறுபடி நிறுத்தினார்.

டாக்டர் சின்ன வயசுப் பெண். பேனாவை வைத்துவிட்டு அவர் மனைவி பூரணியிடம் கேட்டாள்: "இப்படி நின்னு நின்னு பேசறது எத்தனை நாளா இருக்கும்மா?"

"கல்யாணம் ஆனதுலேருந்து. நாம சிரிக்கிறதுக்கு நேரம் விடுறாராம். வீட்டுல யாரு சிரிக்கிறா? இவரே சிரிச்சு நான் பார்த்ததில்ல. எழுதினவனுக்கு எங்க சிரிப்பு வரும்னு சொல்லுவாரு."

டாக்டர் ஸ்கேன் படத்தை வெளிச்சத்தில் பிடித்துப் பார்த்தாள். கவருக்குள் போட்டாள். கண்ணாடியைக் கழற்றினாள்.

"ரொம்ப லேட்டா வந்திருக்கீங்க சார்," என்றாள். நிறுத்தினாள்.

நாகசுந்தரம் எண்ணினார். ஒன்று. இரண்டு. இத்தனை கச்சிதமாக இடம் விடுகிறவர்களை அவர் தொழிலில்கூட அதிகம் பார்த்ததில்லை. பூரணி முந்தானையை விரலில் சுற்றிக்கொண்டிருந்தாள். அறையில் சத்தமே இல்லை. ஒருத்தர் விட்ட இடம் அப்படியே காலியாகப் போவது எப்படி இருக்கும் என்று அவருக்குத் தெரியும். பாவம், சின்னப் பெண்.

மூன்றில், வாய்விட்டுச் சிரித்தார்.