இரண்டாவது வேப்பஞ்சேலை

"இப்பத்தானே யக்கா கட்டிக்கினு சுத்தி வந்தே? மறுபடியும் இன்னாத்துக்கு?"

வேப்பிலை கட்டிவிடுகிறவள் கேட்டாள்.

செங்கம்மாள் தலையில் ஈரம் சொட்ட, கைகளைத் தூக்கிக்கொண்டு நின்றாள்.

பெரியபாளையத்து அம்மன் கோயிலில் ஆடி ஞாயிறு. பம்பைச் சத்தம் காதைப் பிளந்தது. சேலைபோல வேப்பிலை உடுத்திக் கோயிலைச் சுற்றும் வேண்டுதலுக்கு வந்த ஒவ்வொருத்தியையும் சுற்றி நாலு பேர் இருந்தார்கள். செங்கம்மாளைச் சுற்றி யாருமில்லை.

"ஒரே நாள்ல ரெண்டு சேலையா? அம்மனுக்கே லஞ்சமா, யக்கா?"

வேப்பிலைக்காரி சிரித்துக்கொண்டே கொத்துகளை இடுப்பில் செருகி முடிச்சுப் போட்டாள்.

போன வருஷம்வரை அந்த முடிச்சைப் போட்டது மகள் சின்னப்பொண்ணு.

ஆடியில் பிறந்து, பத்தாம் நாள் ஜன்னி கண்டு நீலம் பாரித்துப் போன பிள்ளை அது. பிழைத்தால், வயது ஒன்று நிறையும் ஆடியிலிருந்து வருஷத்துக்கு ஒரு வேப்பஞ்சேலை என்று வேண்டிக்கொண்டாள். ஒரு ஆடிகூடத் தவறவில்லை.

அந்தப் பிள்ளைதான் மாசி மாதம், கும்மிடிப்பூண்டி லேத்துப் பட்டறையில் வேலை பார்க்கும் சாலமோனோடு போய்விட்டது.

பழவேற்காட்டு ஏரியில் வலை போடும் அப்பன் நாகமுத்து சும்மா விடுவானா? மைனர் பெண்ணைக் கடத்திவிட்டான் என்று கேஸ் கொடுத்தான்.

கோர்ட்டில் எல்லாம் வயதில் வந்து நின்றது. பதினெட்டு ஆகியிருந்தால், யாரோடு வாழ்வது என்பது அவள் இஷ்டம். ஆகவில்லையென்றால் அவளுக்கு அப்பன் வீடு, சாலமோனுக்கு ஜெயில்.

பிறந்ததை யாரும் பதிந்து வைக்கவில்லை. பள்ளிக்கூடத்து வாசலையும் அவள் மிதித்ததில்லை. எலும்பைப் படம் பிடித்த டாக்டர், பதினேழும் இருக்கலாம், பதினெட்டும் இருக்கலாம் என்று சொல்லிவிட்டார்.

"எம் பொஞ்சாதியக் கேளுங்க சாமி. பெரியபாளையத்தம்மா பேரச் சொல்லிட்டு அவ பொய் பேசமாட்டா."

நாகமுத்துதான் அவளைக் கூண்டில் ஏற்றினான். வரும்போது பஸ்ஸில் வழி நெடுகச் சொல்லிக்கொண்டே வந்திருந்தான், பதினேழு என்று சொல், பதினேழு என்று சொல் என்று.

செங்கம்மாள் மகளைப் பார்த்தாள். மகள் தலையைத் தூக்கவில்லை.

"வருசத்துக்கு ஒரு வேப்பஞ்சேல கட்டறேன் சாமி. அம்மா மேல ஆணை, பதினெட்டு கட்டிகீறேன்."

அவ்வளவுதான். யாரோடு போகிறாய் என்று ஜட்ஜ் கேட்டார். சின்னப்பொண்ணு சாலமோன் பக்கம் கையைக் காட்டினாள். நடுவில் அப்பன் நின்றதால் அம்மாவிடம் வராமலே போனாள்.

நாகமுத்து மறுபேச்சுப் பேசவில்லை. தனக்குத்தான் வருஷம் தப்பிப்போனது என்று அவனே நம்பிவிட்டான். ஆனால் அன்றிலிருந்து அவளோடு ஒரு வார்த்தை கிடையாது.

சத்தியத்துக்காகப் பெற்ற பெண்ணையே விட்டவள் என்று குப்பத்தில் பேசிக்கொண்டார்கள். பேசினார்களே தவிர, அவள் வாசலில் வந்து உட்கார ஆளில்லை.

வேப்பிலைக்காரி கடைசி முடிச்சை இறுக்கினாள்.

"இதோட எத்தினி ஆச்சு யக்கா?"

"பத்தொம்போது."

காலையில் கட்டியது இந்த வருஷத்துக்கு. அது பதினெட்டாவது.

கோர்ட்டுக்குப் போன அன்று, செங்கம்மாள் கட்டி முடித்திருந்தது பதினேழுதான்.

இது நாகமுத்துவுக்குத் தெரியாது. சாலமோனுக்குத் தெரியாது. தனக்குப் பதினெட்டு என்று நம்பிக்கொண்டு குடித்தனம் நடத்துகிற சின்னப்பொண்ணுவுக்கும் தெரியாது.

அம்மனுக்குத் தெரியும்.

முதல் சேலையின் இலைகள் காலடியில் வாடிக் கிடந்தன. அவற்றை மிதிக்காமல் ஒதுங்கி, செங்கம்மாள் மறுபடியும் தனியாகச் சுற்றப் புறப்பட்டாள்.

கோர்ட்டில் கூட்டிச் சொன்ன, கட்டாத ஒன்றை இப்போது கட்டிவிட்டாள். அம்மன் இதைச் சேர்த்துக்கொள்வாளா, மாட்டாளா? நீங்கள் என்ன சொல்கிறீர்கள்?