கடைமடையில் ஒரு மொழிபெயர்ப்பு

மாநிலங்களின் ஒற்றுமைக்காக நடக்கும் அந்த மன்றம், ஆற்றுத் தண்ணீர்ச் சண்டையில் லாரிகள் எரிந்த அதே மாதத்தில், கடைமடை ஊர் ஒன்றில் கூட்டம் போட்டது. அணைப்பக்கத்து விவசாயி சென்னபசப்பா கன்னடத்தில் பேசப் பேச, மெஹருன்னிசா தமிழில் சொல்லிக்கொண்டிருந்தாள். வணக்கமும் நன்றியும் முடியும்வரை சிக்கலில்லை. பிறகு அவர் தனக்குப் போட்ட மாலையைக் கழற்றி மேசைமேல் வைத்துவிட்டு, மெதுவாக ஏதோ சொன்னார். அவள் மைக்கை வாயிலிருந்து இறக்கினாள்.

"என்னம்மா சொல்றாரு?" பந்தலின் நடுவிலிருந்து ஒரு குரல் அதட்டியது.

மன்றச் செயலாளர் தேசிகன் அவள் காதருகே குனிந்தார். "நாமெல்லாம் ஒருதாய் மக்கள்னு சொல்லிடும்மா. புண்ணியமாப் போகும்."

சென்னபசப்பா அவள் வாயையே பார்த்துக்கொண்டிருந்தார்.

மெஹருன்னிசா மைக்கை இறுகப் பிடித்தாள். "'என் வயல் காயுறப்ப உங்களுக்குத் தண்ணி விடுன்னு நான் சொல்ல மாட்டேன். நீங்களா இருந்தா சொல்வீங்களா?' இதைத்தான் கேக்குறாரு."

நாற்காலிகள் சரிந்தன. முன்வரிசை மொத்தமும் எழுந்தது. தேசிகன் மைக்கைப் பிடுங்கக் கை நீட்டினார். அதற்குள் கண் சிவந்த ஒருவர், தோள்துண்டை உருவிக் கையில் சுற்றியபடி, மேடையை ஒட்டி வந்து நின்றார்.

"அவரு ஊர்ல போர்க்கிணத்துத் தண்ணி எத்தனை அடி இறங்கியிருக்குன்னு கேளும்மா."

கேட்டாள். சென்னபசப்பா மேடையிலிருந்து இறங்கி, அந்த மனிதருக்கு நேர் எதிரே நின்று, பதில் சொல்லத் தொடங்கினார். பந்தலில் இன்னும் ஒருவரும் உட்காரவில்லை.